ஊர்ச் சொத்தும் இரு நீதிமன்ற வழக்குகளும்

(ஆலயத் திருமண மண்டபத்தில் நடைபெற்ற குடும்ப நலச் சொற்பொழிவு வரிசையில் ஆற்றிய உரை)



ஆலய மண்டபத்தில் கோர்ட்டு வழக்கைப் பற்றிப் பேசுவதா என்று குழுவிலேயே இரண்டொருவர் கேட்டார்கள். கேட்டதில் தவறில்லை. ஆனால் வெள்ளிக்கிழமைகளில் பூஜை முடிந்ததும் நம் அலுவலக அறைக்கு வந்து, கைப்பையிலிருந்து ஒரு நீளமான தபால் உறையை எடுத்து, "சார், இதைக் கொஞ்சம் படித்துச் சொல்லுங்கள்" என்று கேட்பவர்கள் எத்தனை பேர் என்பது அந்த அறையில் உட்கார்ந்திருப்பவர்களுக்குத் தெரியும். தமிழ்நாட்டு நீதிமன்றத்திலிருந்து வந்த சம்மனாக அது இருக்கும். "நிரந்தர உறுத்துக் கட்டளைப் பரிகாரம்" என்று அதில் எழுதியிருக்கும். முப்பத்தைந்து ஆண்டுகள் தமிழ் கற்பித்த எனக்கே முதன்முறை அந்தச் சொற்றொடர் கொஞ்சம் திகைப்பைத் தந்தது. இந்த நிலத்தில் கால் வைக்காதே என்று தடுக்கும் உத்தரவு என்பதுதான் அதன் பொருள்.

நான் வழக்கறிஞன் அல்லன். ஓய்வு பெற்ற ஆசிரியன். எங்கள் குடும்பச் சொத்து வழக்கில் 2016 முதல் பிரதிவாதியாக இருந்து வருவதால், 1908-ஆம் ஆண்டு இந்திய உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் சில பிரிவுகளைப் பாடம் படிப்பது போலப் படிக்க நேர்ந்தது. அவற்றில் ஒரு விஷயத்தை மட்டும் இன்று எடுத்துக்கொள்கிறேன். ஒரே குடும்பச் சொத்துக்கு இரண்டு ஊர்களில், இரண்டு நீதிமன்றங்களில் வழக்கு நடந்தால் அவற்றை ஒரே இடத்துக்குக் கொண்டுவருவது எப்படி, கொண்டுவராமல் விட்டால் என்ன ஆகும் என்பதே அந்த விஷயம்.

முதலில், இரண்டு வழக்குகள் எப்படி முளைக்கின்றன என்று பார்ப்போம். தாத்தா விட்டுச்சென்ற நிலம் ஒரு மாவட்டத்தில் இருக்கும். வீட்டு மனையோ கடையோ பக்கத்து மாவட்டத்தில் இருக்கும். அசையாச் சொத்து வழக்கைச் சொத்து இருக்கிற இடத்து நீதிமன்றத்தில்தான் போட வேண்டும் என்பது சட்டத்தின் 16-ஆம் பிரிவு. சொத்துகள் இரண்டு எல்லைகளில் சிதறிக் கிடந்தால் அவற்றுள் எந்த நீதிமன்றத்தில் வேண்டுமானாலும் எல்லாவற்றையும் சேர்த்து ஒரே வழக்காகப் போடலாம் என்பது 17-ஆம் பிரிவு. ஆகவே நிலத்தை உழுதுகொண்டிருக்கிற அண்ணன், தன் ஊர் முன்சீப் கோர்ட்டில் "மற்றவர்கள் உள்ளே வரக்கூடாது" என்று ஒரு வழக்கைப் போடுவார். கல்யாணமாகிப் பக்கத்து ஜில்லாவுக்குப் போன தங்கை, அங்கே சார்பு நீதிமன்றத்தில், ஊரார் சொல்லும் சப் கோர்ட்டில், "எனக்குப் பாகம் பிரித்துக் கொடுங்கள்" என்று இன்னொரு வழக்கைப் போடுவார். இரண்டும் சட்டப்படி போடக்கூடியவையே. மலேசியாவில் இருக்கிற நமக்கு இரண்டு சம்மன் வரும். இரண்டுக்கும் தனித்தனி வக்கீல், தனித்தனி செலவு, தனித்தனி வாய்தா.

செலவை விடுங்கள். உண்மையான ஆபத்து வேறு. இரண்டு வழக்கிலும் கேள்வி ஒன்றுதான்: இந்தச் சொத்து இன்னும் பொதுவில் இருக்கிறதா, அல்லது எப்போதோ பிரித்துக் கொண்டாகிவிட்டதா? ஒரு நீதிபதி "பிரித்தாயிற்று" என்பார். இன்னொருவர் "பிரிக்கவில்லை" என்பார். அவரவர் முன்னால் வந்த சாட்சியை வைத்து இருவரும் நேர்மையாகவே அப்படிச் சொல்ல முடியும். அது மட்டுமல்ல. ஒரே தரப்பினருக்கிடையே ஒரு கேள்வி ஒரு நீதிமன்றத்தில் முடிவாகிவிட்டால் அதே கேள்வியை மறுபடி எழுப்ப முடியாது. முன்தீர்ப்புத் தடை என்று இதற்குப் பெயர், 11-ஆம் பிரிவு. 1976-இல் செய்த திருத்தத்துக்குப் பிறகு, சிறிய நீதிமன்றம் தன் அதிகாரத்துக்குட்பட்டு முடிவு செய்த விஷயமும் பெரிய நீதிமன்றத்தில் நடக்கிற பின்வழக்கைக் கட்டுப்படுத்தும். சின்னக் கோர்ட்டுத் தடையுத்தரவு வழக்குத்தானே என்று அலட்சியமாக விட்டவர்கள், பெரிய கோர்ட்டின் பாகப்பிரிவினை வழக்கில் வாயடைத்து நிற்க நேரும்.

இதைத் தவிர்க்கச் சட்டத்தில் இரண்டு வழிகள் உண்டு. ஒன்று 10-ஆம் பிரிவு. முந்தைய வழக்கு நிலுவையில் இருக்கும்போது அதே விஷயத்துக்காக வந்த பிந்தைய வழக்கை விசாரிக்காமல் நிறுத்திவைப்பது. ஆனால் பிந்தைய வழக்கில் கேட்கிற பரிகாரத்தைத் தரும் அதிகாரம் முந்தைய நீதிமன்றத்துக்கு இருக்க வேண்டும். முன்சீப் கோர்ட்டுக்குச் சொத்து மதிப்பில் ஒரு வரம்பு உண்டு. அந்த வரம்பைத் தாண்டிய பாகப்பிரிவினையை அங்கே கொடுக்க முடியாது. ஆதலால் நம்மைப் போன்றோர் வழக்குகளில் 10-ஆம் பிரிவு பெரும்பாலும் பொருந்துவதில்லை. மேலும் அது ஒரு வழக்கைத் தூங்க வைக்கும். இரண்டையும் ஒன்றாக முடிக்காது.

இரண்டாவது வழி 24-ஆம் பிரிவு. ஒரு நீதிமன்றத்தில் இருக்கிற வழக்கை எடுத்து, அதை விசாரிக்கத் தகுதியுள்ள இன்னொரு நீதிமன்றத்துக்கு மாற்றும் அதிகாரம் மாவட்ட நீதிமன்றத்துக்கும் உயர் நீதிமன்றத்துக்கும் இருக்கிறது. தரப்பினர் மனுச் செய்தால் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் கொடுத்து விசாரிப்பார்கள். யாரும் கேட்காமல் நீதிமன்றம் தானாகவும் மாற்றலாம். வழக்கு எந்தக் கட்டத்தில் இருந்தாலும் மாற்றலாம். பாதி சாட்சி விசாரித்தாகிவிட்டதே என்று தயங்க வேண்டாம். புதிய நீதிமன்றம் விட்ட இடத்திலிருந்தும் தொடரலாம், தேவையென்று கருதினால் முதலிலிருந்தும் விசாரிக்கலாம்.

மனுவை எங்கே போடுவது என்பதில்தான் வெளிநாட்டிலிருந்து வழக்கு நடத்துகிறவர்கள் தடுமாறுகிறார்கள். இரண்டு நீதிமன்றங்களும் ஒரே மாவட்டத்தில் இருந்தால் அந்த மாவட்ட நீதிபதியிடமே போடலாம்; சென்னைக்கோ மதுரைக்கோ அலைய வேண்டியதில்லை. இரண்டு மாவட்டமானால் உயர் நீதிமன்றம். தென் மாவட்டத்துக்காரர்கள் சென்னைக்குப் போக வேண்டியிருந்த காலம் 2004 ஜூலையோடு போயிற்று. சிவகங்கை, புதுக்கோட்டை, இராமநாதபுரம், திருச்சி, தஞ்சாவூர் ஆகிய மாவட்டங்களுக்கெல்லாம் மதுரைக் கிளைதான். ஒரு வழக்கு தமிழ்நாட்டிலும் இன்னொன்று பாலக்காட்டிலும் இருந்தால் இரண்டு உயர் நீதிமன்றங்களில் எதனாலும் முடியாது. மாநிலம் விட்டு மாநிலம் மாற்ற 25-ஆம் பிரிவின்படி டில்லி உச்ச நீதிமன்றம்தான். உயர் நீதிமன்றம் தன் எல்லைக்கு வெளியே மாற்ற இயலாது என்று 2008-இல் உச்ச நீதிமன்றமே திட்டமாகச் சொல்லிவிட்டது. கேரளத்திலிருந்து வந்த குடும்பங்கள் நம்மிடையே இருப்பதால் இதைச் சொல்கிறேன்.

இங்கே ஒரு அன்பர் என்னிடம், "ஈப்போவில் ஒரு வழக்குப் போட்டு ஊர் வழக்கை இங்கே இழுத்துக்கொள்ள முடியாதா சார்?" என்று கேட்டார். முடியாது. இந்தியாவில் இருக்கிற நிலத்தைப் பிரித்துக் கொடுக்க மலேசிய நீதிமன்றத்தை நாடுவதில் பயனில்லை. வெளிநாட்டு நீதிமன்றத்தில் ஒரு வழக்கு இருப்பது இந்திய நீதிமன்ற விசாரணைக்குத் தடையாகாது என்று 10-ஆம் பிரிவின் விளக்கத்திலேயே எழுதியிருக்கிறது. ஒரு நாட்டு வழக்கை மற்றொரு நாட்டுக்கு மாற்றும் அதிகாரம் எந்தக் கோர்ட்டுக்கும் இல்லை.

இனி எங்கள் குடும்பக் கதையைச் சொல்கிறேன். பேர் சொல்லப் போவதில்லை. எல்லோரும் என் இரத்த உறவுகள்.

என் தாத்தா தேவகோட்டைப் பக்கத்தில் தம் சொந்தச் சம்பாத்தியத்தில் நாலு ஏக்கர் நஞ்சையும் ஒரு ஓட்டு வீடும் வாங்கினார். புதுக்கோட்டையில் ஒரு மனையும் இருந்தது. 1974-இல் உயில் எழுதாமல் காலமானார். பாட்டி முன்னமே போய்விட்டார். பிள்ளைகள் மூவர். பெரியப்பா ஊரில் இருந்தார். என் தகப்பனார் 1949-இல் கப்பலேறிக் கெடாவில் ரப்பர்த் தோட்டத்துக்கு வந்தவர். அத்தை புதுக்கோட்டையில் வாழ்க்கைப்பட்டார். 1956-ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படி, உயிலில்லாமல் இறந்தவரின் சுயசம்பாத்தியச் சொத்து மகன்களுக்கும் மகளுக்கும் சமமாகப் போக வேண்டும். மூன்றில் ஒரு பங்கு அத்தைக்கு. இந்தக் கணக்கு ஊரில் யாருக்கும் தெரியாமல் இல்லை. பெண் பிள்ளைக்குச் சீர் செய்தாகிவிட்டது என்ற ஒரே சொல்லால் நாற்பது ஆண்டுகள் அதை மூடி வைத்திருந்தார்கள். நான் பெண் பிள்ளைகளுக்கும் பாடம் சொல்லிக் கொடுத்தவன். அந்தச் சொல் எனக்கு எப்போதும் உவப்பாக இருந்ததில்லை.

2016-இல் பெரியப்பா மகன், எனக்கு அண்ணன் முறை, தேவகோட்டை முன்சீப் கோர்ட்டில் தடையுத்தரவு வழக்குப் போட்டார். 1970-களிலேயே வாய்மொழியாகப் பாகம் பிரிந்துவிட்டது, என் தகப்பனார் பணம் பெற்றுக்கொண்டு ஒதுங்கிவிட்டார் என்பது அவர் பிராது. சில மாதம் கழித்து அத்தை புதுக்கோட்டை சப் கோர்ட்டில் எல்லாச் சொத்துகளையும் சேர்த்துப் பாகப்பிரிவினை கேட்டார். அப்போது அத்தைக்கு வயது எண்பது. நானும் என் தம்பியும் இரண்டிலும் பிரதிவாதிகள்.

பணம் பெற்றது உண்மையா என்றால், என் தகப்பனார் ஊருக்குப் பணம் அனுப்பிய மணியார்டர் துண்டுகள்தான் எங்கள் வீட்டுத் தகரப் பெட்டியில் இருந்தன. ஊரிலிருந்து பணம் வந்ததற்கு ஒரு துண்டுக் காகிதமும் இல்லை. இதை ஒரு நீதிபதி பார்க்க வேண்டும், அதே நீதிபதி அண்ணன் கொண்டுவரும் தீர்வை ரசீதுகளையும் பார்க்க வேண்டும், அத்தை வாயால் சொல்வதையும் கேட்க வேண்டும். மூன்றையும் ஒருவரே கேட்டால்தான் நியாயம் விளங்கும். ஆகவே அத்தையின் பேரில் மதுரைக் கிளையில் மாற்றல் மனுப் போட்டோம். தேவகோட்டை வழக்கைப் புதுக்கோட்டைக்கு மாற்ற வேண்டும் என்று கேட்டோம்.

அண்ணன் எதிர்த்தார். "என் வழக்குத்தான் முதலில் போட்டது, எங்கே வழக்காடுவது என்பதைத் தேர்ந்தெடுக்கும் உரிமை வாதிக்கு உண்டு, என் சாட்சிகள் எல்லாம் உள்ளூர் விவசாயிகள்" என்றார். அவர் சொன்னதில் முழுக்கத் தவறு என்று எதையும் நான் சொல்ல மாட்டேன். வாதிக்கு அந்த உரிமை உண்டு என்பதை நீதிமன்றங்கள் மதிக்கின்றன. எனக்குத் தூரம், எனக்குச் சிரமம் என்பது மட்டும் சொத்து வழக்கை மாற்றப் போதுமான காரணமாகாது. தரப்பினர் ஒருவரே, சொத்து ஒன்றே, முடிவு செய்ய வேண்டிய கேள்வி ஒன்றே, தனித்தனியே விசாரித்தால் முரண்பட்ட தீர்ப்பு வரும் என்பதைக் காட்ட வேண்டும். நீதிபதி மேல் சந்தேகம் என்று போகிற போக்கில் எழுதுகிறவர்களும் உண்டு. ஆதாரமில்லாமல் அப்படி எழுதினால் மனுவும் போகும், மதிப்பும் போகும்.

2018-இல் உத்தரவு வந்தது. நாங்கள் கேட்டபடி வரவில்லை. இரண்டு வழக்கும் ஒன்றாக விசாரிக்கப்பட வேண்டியவைதான் என்று ஏற்றுக்கொண்ட நீதிமன்றம், நிலமும் வீடும் கிராமக் கணக்கும் சாட்சிகளும் தேவகோட்டையில் இருப்பதால் இரண்டையும் தேவகோட்டை சப் கோர்ட்டுக்கு அனுப்பியது. முன்சீப் கோர்ட்டு வழக்கு மேலே போகலாம். மதிப்பு மிகுந்த பாகப்பிரிவினை வழக்கு முன்சீப்பிடம் இறங்க முடியாது. அதனால்தான் சப் கோர்ட்டு. அத்தைக்கு வருத்தம். "என்னை அவன் ஊருக்கே வரச் சொல்கிறார்களா?" என்று தொலைபேசியில் அழுதார். பிறகு, வயதையும் உடல்நிலையையும் காட்டி மனுக் கொடுத்ததில், வழக்கறிஞர் ஆணையர் ஒருவரை நியமித்து அத்தையின் வீட்டிலேயே சாட்சியம் பதிவு செய்தார்கள். மூன்று மணி நேரம் குறுக்கு விசாரணை. அத்தை ஒரு வாய் தண்ணீர்கூடக் கேட்கவில்லையாம்.

இந்த இடத்தில் ஒரு செய்தியைக் கவனிக்க வேண்டுகிறேன். வழக்கை மாற்றுவது வேறு, ஒன்றாக விசாரிப்பது வேறு. ஒரே நீதிமன்றத்துக்கு வந்துவிட்டதாலேயே இரண்டும் இணைந்துவிடாது. வேறு வேறு நாளில் வாய்தா விழுந்துகொண்டே இருக்கும். இணைத்து விசாரிப்பதற்கென்று தனிப்பிரிவு நடைமுறைச் சட்டத்தில் இல்லை. 151-ஆம் பிரிவு காட்டும் உள்ளார்ந்த அதிகாரத்தைக் கொண்டு நீதிமன்றங்கள் அதைச் செய்கின்றன. உயர் நீதிமன்ற உத்தரவிலேயே கூட்டு விசாரணை என்று இருந்தால் நல்லது. இல்லையென்றால் அதற்குத் தனியே மனுக் கொடுக்க வேண்டும். எங்கள் உத்தரவில் அந்த வார்த்தை தெளிவாக இல்லை. எட்டு மாதம் இரண்டு வழக்கும் தனித்தனியே நடந்த பிறகு மனுக் கொடுத்து இணைத்தோம். இணைத்த பின் சாட்சியம் ஒரு வழக்கில் பதிவாகும், இரண்டுக்கும் பொருந்தும். மாற்றல் மனு நிலுவையில் இருக்கும்போது கீழ்க் கோர்ட்டு தானாக நின்றுவிடாது என்பதையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். இடைக்காலத் தடை கேட்டுப் பெற வேண்டும். இல்லாவிட்டால் மதுரையில் மனு இருக்கும்போதே கீழே ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பு வந்துவிடும்.

2021-இல் இரண்டு வழக்குக்கும் சேர்த்து ஒரே தீர்ப்பு வந்தது. பாகம் பிரிந்தது நிரூபிக்கப்படவில்லை. அத்தைக்கு மூன்றில் ஒன்று, எங்கள் தகப்பனார் வழியில் எங்களுக்கு மூன்றில் ஒன்று, அண்ணன் வீட்டாருக்கு மூன்றில் ஒன்று. தடையுத்தரவு வழக்கு தள்ளுபடி. அத்தை தீர்ப்பைக் காதால் கேட்டார். ஆனால் அது முதல்நிலைத் தீர்ப்பாணைதான். யாருக்கு எந்தப் பக்கம் என்று அளந்து பிரிக்க இறுதித் தீர்ப்பாணை மனு வேண்டும். அது இன்னும் நடக்கிறது. அத்தை இப்போது இல்லை. அவர் மகள் அந்த இடத்தில் நிற்கிறார்.

தீர்ப்பு வந்த பிறகும் ஒரு பள்ளம் இருக்கிறது. தீர்ப்பு ஒன்றானாலும் வழக்கு இரண்டு, தீர்ப்பாணையும் இரண்டு. மேல்முறையீடு செய்கிறவர் இரண்டின் மீதும் செய்ய வேண்டும். உத்தரப் பிரதேசத்தில் எட்டா என்ற ஊரில் ஒரு குடும்பத்தின் நான்கு வழக்குகளை ஒன்றாக விசாரித்தார்கள். உயர் நீதிமன்றத்துக்கு நான்கு மேல்முறையீடுகள் போயின. ஒன்று காலங்கடந்தது என்று போயிற்று. இன்னொன்று ஆவணங்களை மொழிபெயர்த்து அச்சிடுவதற்கான நடவடிக்கை எடுக்கவில்லை என்று போயிற்று. எஞ்சிய இரண்டும் சரியாகத்தான் இருந்தன. ஆனால் விழுந்துபோன இரண்டில் முடிவான கேள்வியே இவற்றிலும் இருந்ததால், முன்தீர்ப்புத் தடை வந்து அவற்றையும் மூடிவிட்டது. 1966-இல் உச்ச நீதிமன்றம் அதைச் சரியென்றது. அச்சுக்கூலி விஷயத்தில் விட்ட ஒரு சிறு பிழை, சொத்து முழுவதையும் கொண்டுபோயிற்று! எங்கள் அண்ணன் தரப்பு பாகப்பிரிவினைத் தீர்ப்பின் மேல் மட்டும் மேல்முறையீடு செய்தபோது எங்கள் வக்கீல் இந்தத் தீர்ப்பைத்தான் எடுத்து வைத்தார். பிறகு பேச்சுவார்த்தையில் அந்த மேல்முறையீட்டை அவர்களே திரும்பப் பெற்றார்கள்.

இரண்டு வழக்கும் ஒரே இடத்துக்கு வந்ததில் நான் எதிர்பாராத ஒரு நன்மை அதுதான். தனித்தனி ஊரில் வழக்காடியபோது அண்ணனும் அத்தையும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்ததில்லை, வக்கீல்கள்தான் பார்த்துக்கொண்டார்கள். ஒரே கோர்ட்டுக்கு வந்த பிறகு இரு வீட்டுப் பிள்ளைகளும் ஒரே புளியமரத்தடியில் காத்திருக்க வேண்டியதாயிற்று. அண்ணன் மகன் அத்தை மகளுக்குத் தேநீர் வாங்கிக் கொடுத்தான் என்று கேள்விப்பட்டேன். அப்படியே சமாதானம் ஆகிவிட்டது என்று சொல்ல வரவில்லை. வீட்டை யார் எடுப்பது என்பதில் இன்னும் இழுபறிதான்.

கடைசியாக, இங்கிருந்து செய்ய வேண்டிய சில காரியங்கள். சம்மன் வந்தால் உறையின் மேல் வந்த தேதியைக் குறித்து வையுங்கள். எல்லா வழக்குகளின் எண்ணையும், எந்த நீதிமன்றம் என்பதையும் ஒரே தாளில் எழுதுங்கள். ஒரு ஊர் வக்கீலுக்கு அடுத்த ஊர் வழக்கு இருப்பதே தெரியாமல் இருப்பதை நான் பார்த்திருக்கிறேன். இந்திய நீதிமன்ற வழக்குகளுக்குப் பதினாறு இலக்க எழுத்துகள் கொண்ட சி.என்.ஆர். எண் உண்டு, அதைக் கொண்டு இங்கிருந்தே கணினியில் அடுத்த வாய்தாவைப் பார்க்கலாம். பேரப்பிள்ளைகளிடம் கேட்டால் ஒரு நிமிடத்தில் எடுத்துக் கொடுப்பார்கள்.

பவர் பத்திரம் எழுதினால் நோட்டரி முன்போ இந்தியத் தூதரகத்திலோ கையெழுத்திடுங்கள். இந்தியாவுக்குப் போய்ச் சேர்ந்த மூன்று மாதத்துக்குள் அங்கே முத்திரைக் கட்டணம் செலுத்த வேண்டும். மாற்றல் மனு, கூட்டு விசாரணை மனு, மேல்முறையீடு ஆகியவற்றுக்கும் அதிகாரம் அளிப்பதாகப் பத்திரத்தில் எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். ஆனால் உங்களுக்கு மட்டுமே நேரில் தெரிந்த விஷயத்துக்கு உங்கள் பவர் ஏஜெண்ட் சாட்சி சொல்ல முடியாது. அதற்கு நீங்கள்தான் போக வேண்டும், அல்லது நீதிமன்ற அனுமதி பெற்றுக் காணொலி வழியாகச் சொல்ல வேண்டும். பழைய மணியார்டர்த் துண்டு, தோட்டத்து முகவரியிட்ட கடிதம், கப்பல் சீட்டு எதுவாக இருந்தாலும் எறிந்துவிடாதீர்கள். எங்கள் வழக்கில் 1971 முதல் 1978 வரையிலான பதினொரு மணியார்டர்த் துண்டுகள் சான்றாவணமாகக் குறியிடப்பட்டன.

இப்போது அன்னதானத்துக்கு நேரமாகிவிட்டது. காகிதங்களைக் கையோடு கொண்டுவந்தவர்கள் சாப்பிட்டுவிட்டு அலுவலக அறைக்கு வாருங்கள், படித்துச் சொல்கிறேன். முடிவு சொல்ல வேண்டியவர் உங்கள் வக்கீல்.